கீழ்வாய் இலக்கமும் குறையும்: தாம்பரம் வட்டார நிலக்கணக்கை முன்னிட்டு ஓர் ஆராய்ச்சி

வீசக் குறையும் முக்காணிக் குறையும் கூடின் எத்துணைக் குறையாகும்? இவ்வினாவை இக்காலப் பாடநூல் முறையில் எழுதின், குறை 1/16, குறை 3/80 என்னும் இரண்டனையும் கூட்டுக என்றாகும். பகுதிகள் வேறாயினமையின் அவற்றிற்கு மீச்சிறு பொது மடங்கு காணல் வேண்டும்; தொகுதிகளை அதற்கேற்ப மாற்றல் வேண்டும்; இரண்டும் குறையாதலின் கூட்டி முன்னே குறைக்குறி இடல் வேண்டும்; இறுதியிற் சுருக்கல் வேண்டும். இந்நான்கு படிகளுள் ஏதேனும் ஒன்றில் இடறாத மாணவர் சிலரே. நூற்றைம்பது ஆண்டுகட்கு முன்னர்த் தாம்பரத்தையடுத்த ஒரு சிற்றூர்த் திண்ணைப் பள்ளியில் எண்சுவடி ஓதிய சிறுவன் இதனை வேறொரு வழியிற் செய்திருப்பான். வீசம் என்பது மாகாணி. மாகாணி என்பது மாவும் காணியும். அதனோடு முக்காணி சேரின் மாவும் நாற்காணியும் ஆம். நாற்காணி ஒரு மா. ஆகவே இருமா. குறை இருமா, அஃதாவது குறை 1/10. பகுதி என்னும் சொல்லும் அவனுக்கு வேண்டுவதன்று. மீச்சிறு பொது மடங்கும் வேண்டுவதன்று.

இது வெறுஞ் சொல் விளையாட்டன்று. தமிழர் கீழ்வாய் இலக்கத்தின் அமைப்பே இத்தகைய கூட்டலை முன்னிட்டு எழுந்தது என்பதும், அக்கூட்டல் பெரும்பாலும் குறைகளின் கூட்டலாகவே நிகழ்ந்தது என்பதும் இக்கட்டுரையிற் காட்டப் புகுவன. பழந்தமிழர் குறை எண்ணை அறியார் என ஒரே வரியில் முடிப்பாரும் உளர். அறியாதது ஒன்றுமில்லை எனப் பெருமிதங் கொள்வாரும் உளர். இருவரும் கணக்கோலையைப் புரட்டிப் பாராதவரே.

முதற்கண் இலக்கங்களின் வரிசையை நோக்குவோம். முக்கால், அரை, கால், அரைக்கால், வீசம் எனப் பாதி பாதியாகக் குறைந்து செல்வது ஒரு நிரல். நாலுமா, மும்மா, இருமா, மா, அரைமா, காணி என இருபதின் கூறாகச் செல்வது மற்றொரு நிரல். முன்னையது பொருளை இரண்டாகப் பகுக்குங் கையின் பழக்கத்தினின்று பிறந்தது. பின்னையது விரல் பத்தும் இருபதுமாக எண்ணும் பழக்கத்தினின்று பிறந்தது. வெவ்வேறு தோற்றமுடைய இவ்விரு நிரல்களும் பல மொழிகளில் ஒன்றோடொன்று ஒட்டாமலே நிற்கும். தமிழிலோ முந்திரி எனப்படும் 1/320 இவ்விரண்டனையும் பிணிக்கின்றது. 320 என்பது இரண்டினை ஆறு முறை பெருக்கி, வந்ததனை ஐந்தாற் பெருக்கிய எண். ஆகவே கால் 80 முந்திரி, அரைக்கால் 40 முந்திரி, வீசம் 20 முந்திரி, மா 16 முந்திரி, காணி 4 முந்திரி என எல்லாம் முழுவெண்களாகவே அமைகின்றன. ஒவ்வாத பகுதிகளை ஒன்றாக்கும் வேலையை ஒவ்வொரு கணக்கிலும் புதிதாகச் செய்யாமல், மொழியை அமைக்கும்போதே ஒருமுறை செய்து வைத்துவிட்டனர் என்க.

இரு நிரல்களுக்கும் இடையிலுள்ள பாலங்கள் சிலவே. கால் என்பது ஐந்து மா. அரைக்கால் என்பது இருமாவரை, அஃதாவது இருமாவும் அரைமாவும். வீசம் என்பது மாகாணி. இம்மூன்றும் மனத்தில் நின்றால் போதும். இவற்றுள் மாகாணி என்னும் பெயர் தனிச் சிறப்புடையது. 1/20, 1/80 என்னும் ஒவ்வாப் பகுதிகளின் கூட்டுத்தொகையே அதன் பெயராகிவிட்டது. கணக்கின் விடையைப் பெயராகவுடைய எண் இது. சொல்லாராய்ச்சி செய்வார் இப்பெயரிற் கணக்கு வரலாற்றையும் காணலாம்.

இனி இலக்கணத்திற்கு வருவோம். கீழ்வாய் இலக்கங்களைக் கூட்டும்பொழுது தமிழர் இடையே ஏகாரம் பெய்து கூறுவர்: ஒன்றே கால், முக்காலே அரைக்கால், காலே காணி. தொல்காப்பியர் எழுத்ததிகாரத்துத் தொகைமரபில் இதனை விதந்தோதுகின்றார். அளவுப் பெயரும் நிறைப் பெயரும் எண்ணுப் பெயரும் தம்மினுங் குறைந்த தத்தம் இனப் பெயரோடு புணருங்கால் ஏ என்னும் சாரியை வரும் என்பது அவர் விதி. அரை என்பது வருமாயின் அச்சாரியை வாராது என்பது அதனையடுத்த விலக்கு. இன்றும் நாம் ஒன்றே கால் என்கின்றோம். ஒன்றே அரை என்னாது ஒன்றரை என்கின்றோம். ஈராயிரம் ஆண்டு அளவில் ஒரு விதியும் அதன் விலக்கும் காய்கறிக் கடையில் மாறாது நிற்றல் வியப்பிற்குரியது.

இவ்விதிகளை அடுத்துத் தொல்காப்பியர் குறை என்னும் சொல்லையும் எடுத்துக்கொள்கின்றார். அளவு முதலியவற்றின் பெயர்முன் குறை என்பது வருமாயின் ஆண்டு வேற்றுமைப் புணர்ச்சியின் இயல்பு தோன்றும் என்கின்றார். உரிக்குறை, காணிக்குறை என்பன உரைகாரர் தரும் காட்டுகள். ஈண்டு ஏகாரம் இல்லை, வல்லெழுத்து மிகுகின்றது. இத்தொகையை விரிப்பதில் உரைகாரர் கருத்து எவ்வாறாயினும் ஒன்று தெளிவு: கூட்டப்படுவது ஏகாரத்தால் அருகே வைக்கப்படுகின்றது, குறை அளவுப் பெயரோடு ஒட்டி ஒரு சொல்லாகின்றது. குறை என்பது ஈண்டு வினையன்று, பெயர். காணியைக் கழி என்று ஏவுதல் வேறு. காணிக்குறை என ஒரு பொருளைச் சுட்டுதல் வேறு. பெயரானது பிறிதொன்றனோடு கூட்டப்படுவதற்கும் உரியதாகின்றது. எனினும் இதனை மிகைப்படுத்தலாகாது. காணிக்குறை எனுஞ் சொல் குறைவின் அளவைத் தெளிவுறக் கூறாது. தொல்காப்பியர் வகுத்தது புணர்ச்சி விதியேயன்றிக் கணக்கு விதியன்று. வித்து உண்டு, மரம் ஆண்டு இல்லை.

ஈண்டு இடையே ஒன்று கூறல் வேண்டும். கீழ்வாய் இலக்கங்களுக்குப் பெயரிடும்போது தமிழர் குறையை அடியோடு விலக்கினர். 15/16 என்பதனை ஒன்றிற்கு வீசங் குறைவு எனக் கூறுதல் எளிது. தமிழரோ முக்காலே மூன்று வீசம் என்றனர். ஏறத்தாழ எல்லாம் என்னும் பொருளில் அத்தொடர் பேச்சு வழக்கிலும் ஏறிவிட்டது. வடபுலத்தில் நிலை வேறு. வடமொழியிற் பாதோனம் என்பது காலிற் குறைந்தது எனப் பொருள்படும்; இந்தியில் மூன்றே முக்காலைப் பௌனே நான்கு என்பர்; மராத்தியிலும் அம்முறையே. உரோமரும் முக்காலைக் காற்பங்கு நீங்கியது எனும் பொருள்படவே வழங்கினர். தமிழில் முழுவெண் வரிசையில் ஒன்பது என்பதனை ஒன்று குறைந்த பத்து எனக் கொள்வார் உளர். அங்ஙனமாயின் மேல்வாயிற் கண்ட குறையைக் கீழ்வாயில் ஏன் விலக்கினர்? யான் கருதுவது இது. கணக்கன் ஓலையில் எழுதும் ஒவ்வோர் எண்ணும் மேலும் கூட்டப்படுவதற்கோ கழிக்கப்படுவதற்கோ உரியது. எண்ணின் பெயருள்ளேயே ஒரு குறை உறையுமாயின், கழிக்குங்கால் குறையின் குறை தோன்றி மயக்கம் விளையும். ஆதலின் எண்ணின் உட்புறத்தைக் கூட்டலாகவே வைத்துக் குறையை எண்ணிற்குப் புறத்தே, கணக்கின் நிரலில் நிறுத்தினர்.

அந்நிரலைக் கல்வெட்டுக்களிற் காண்கின்றோம். தஞ்சை இராசராசேச்சரத்துக் கல்வெட்டுக்கள் கோயிலுக்கு இறை செலுத்தும் ஊர்களைக் கூறுமிடத்து, முதலில் அளந்தபடி ஊரின் மொத்த நிலத்தை வேலிக் கணக்கிற் கூறும். பின்னர் ஊர்நத்தம், கோயில், குளம், ஊடறுத்துச் செல்லும் வாய்க்கால், சேரி, சுடுகாடு ஆகியவற்றை எண்ணி, இவை நீங்கு நிலம் இத்துணை என்னும். அதன்பின் நீக்கி நின்ற நிலமும் அதற்குரிய நெல்லும் வரும். மொத்தம், நீங்கல், நிற்பது என்னும் இம்மூன்று படியில் நடுப்படியே நமக்கு வேண்டுவது. குளம், சுடுகாடு என்பனவெல்லாம் நிலமேயாயினும் இறைக்கணக்கிற் குறைகளே. பலவகைக் குறைகளையும் தொகுத்து ஒரு குறையாக்கியபின், அவ்வொன்றனை மொத்தத்தினின்று ஒரேமுறை நீக்கினர். ‘இதுவும் இதுவும் போக’ என்னும் கணக்கு வழக்கிலுள்ள தொடரை நோக்குக. உம்மை குறைகளைக் கூட்டுகின்றது. போக என்பது அத்தொகையின்மேல் ஒருமுறையே நின்று அனைத்தையும் குறையாக்குகின்றது. குறையோடு குறை கூடின் இரண்டும் கூடிய குறையாம் என்னும் விதி இத்தொடரமைப்பிலேயே அடங்கியுள்ளது.

ஒரு காட்டு அமைத்துப் பார்ப்போம். ஓர் ஊரின் நிலம் இரண்டே முக்கால் வேலி. குளத்தின் நீங்கல் அரைக்கால், நத்தம் வீசம், வாய்க்கால் முக்காணி. வீசமும் முக்காணியும் இருமா என மேலே கண்டோம். அரைக்கால் இருமாவரை. ஆக நீங்கல் நாலுமாவரை. இரண்டே முக்காலை இரண்டரையும் ஐந்து மாவும் எனப் பிரித்துக்கொள்க. ஐந்து மாவில் நாலுமாவரை போக அரைமா நிற்கும். நின்ற நிலம் இரண்டரையே அரைமா. இதனை இன்றைய முறையிற் செய்து பார்த்து, எது விரைவிற் செல்கின்றது என மாணவர் தாமே அறியலாம்.

முந்திரியினும் நுண்ணிய எண் வேண்டுமிடத்துக் கீழ் என்னும் சொல்லை இட்டு, அதே வரிசையை மீண்டுந் தொடங்கினர். கீழ் அரை என்பது அரை முந்திரி. கீழ்க்கால் கால் முந்திரி. கீழ்முந்திரி என்பது 1/1,02,400. இங்ஙனம் கீழ்மேற் கீழாக இறங்கி, தஞ்சைக் கல்வெட்டுக்கள் ஒரு வேலியின் 1/52,42,88,00,000 கூறுவரை நிலத்தைக் குறிக்கின்றன. இவ்வெண் 320-ஐ நான்கு முறை பெருக்கி ஐந்தாற் பெருக்கியதேயாகும், முறை பிறழவில்லை. இத்துணைச் சிறு நிலம் ஒரு சதுர அங்குலத்தினும் மிகச் சிறிது. இதனைக் காட்டிச் சோழர் நில அளவையின் நுட்பம் இது என வியப்பார் பலர். கயிற்றாலும் கோலாலும் இதனை அளத்தல் இயலாது என்பது எண்ணிப் பார்ப்பார்க்கு விளங்கும். தரம் வேறுபட்ட நிலங்களை ஒரு தரத்தின்மேல் மடக்கிக் கணக்கிடும்போதும், நீங்கலைத் தொகுத்துக் கழிக்கும்போதும் பிறக்கும் எச்சங்களே இவை. அளவையின் நுட்பமன்று, கணக்கின் நேர்மை. எச்சத்தைத் தள்ளிவிடாது கடைசிக் கூறுவரை எழுதினர். ஏனெனில் தள்ளிய எச்சம் நீங்கலிலோ நிற்பதிலோ சேர்ந்தாக வேண்டும், அது யார் பங்கு என்னும் வழக்கு எழும்.

தாம்பரத்திற்கு மேற்கேயுள்ள மணிமங்கலத்துக் கோயில்களிலும் முதல் இராசாதிராசன், வீரராசேந்திரன் முதலிய சோழ மன்னர் கல்வெட்டுக்கள் உள்ளன. செயங்கொண்டசோழ மண்டலத்துச் செங்காட்டுக் கோட்டத்து மாகனூர் நாட்டு மணிமங்கலமான உலோகமாதேவிச் சதுர்வேதிமங்கலம் என அவ்வூர் அவற்றிற் பெயர் பெறுகின்றது. தொண்டை மண்டலத்தில் வேலியினும் குழியே மிகுதியாக வழங்கியது. இக்கல்வெட்டுக்களையும் தஞ்சைக் கல்வெட்டுக்களையும் ஒப்பிட்டுப் படிக்கும் மாணவர்க்கு ஒரு சொல் எச்சரிக்கை தருதல் கடன். கீழ்வாய் இலக்கத்துக் காணி 1/80. ஆகவே வேலியின்மேல் வரும் காணி வேலியில் எண்பதில் ஒன்று. பிற்கால நில அளவாகிய காணியோ 57,600 சதுர அடி. ஐந்து காணி ஒரு வேலி. ஒரே சொல், இரு பொருள்; இடையே பதினாறு மடங்கு வேற்றுமை. இதனை மறந்து கணக்கிட்டுக் கூட்டுத்தொகை பொருந்தாமை கண்டு, கல்லிற் பொறித்தவன் பிழை எனக் குறிப்பு எழுதிவிடுதல் எளிது. கல்தச்சன் பிழை செய்யமாட்டான் என்பதன்று; நம் பிழையை அவன்மேல் ஏற்றுமுன் ஒருமுறை முந்திரியாக்கிக் கூட்டிப் பார்த்தல் வேண்டும் என்பதே.

நெல்லுக்கு வருவோம். முந்திரி வரிசையில் இரண்டும் ஐந்தும் உண்டு, மூன்று இல்லை. மூன்றிலொன்று என்பதனை எத்துணை முந்திரி கொண்டும் சரியாகக் கூறவியலாது. நிலத்தை மூவர் பங்கிடுங்கால் என் செய்வது? இக்குறையை எண்வரிசை தீர்க்கவில்லை, முகத்தலளவை தீர்த்தது. கலம் பன்னிரண்டு குறுணி. நான்கு குறுணி ஒரு தூணி. ஆகவே தூணி என்பது கலத்தில் மூன்றிலொன்று. குறுணிக்கு எட்டு நாழியாகக் கலம் 96 நாழி. கலத்தில் மூன்றிலொன்றும் வீசமும் போக என்றால், தூணியும் ஆறு நாழியும் போக என்றாகின்றது. தூணி அறுநாழி என்பர். குறை 1/3, குறை 1/16 என்பவற்றின் கூட்டு இருசொல்லில் முடிந்தது. ஐந்திலொன்றோ நெல்லில் உடனே கிடைக்காது. கலத்தில் ஐந்திலொன்று 19 நாழிக்கு மேலும் சிறிது. அதன்பொருட்டே போலும், ஐந்து செவிடு ஓர் ஆழாக்கு என வைத்தனர். நாழி எட்டு ஆழாக்காதலின், கலத்தில் ஐந்திலொன்று பத்தொன்பது நாழியும் ஓர் ஆழாக்கும் மூன்று செவிடுமாகச் சரியாக முடிகின்றது. அளவை வாய்பாடுகளில் ஏன் ஓரிடத்தில் மூன்றும் ஓரிடத்தில் ஐந்தும் வருகின்றன எனச் சலிப்போடு மனப்பாடஞ் செய்தோர் இதனை எண்ணிப் பார்த்தல் நன்று.

இந்நெற்கணக்கு உயிரோடு இயங்கியதனைப் பதினெட்டாம் நூற்றாண்டுச் செங்கற்பட்டுச் சாகீர்க் கணக்குகள் காட்டுகின்றன. 1763-இல் ஆர்க்காட்டு நவாபு கிழக்கிந்தியக் கம்பெனிக்கு அளித்த நிலப்பரப்பு அது. தாம்பரம், பல்லாவரம், குன்றத்தூர்ப் புறங்களெல்லாம் அதனுள் அடங்கும். தாமசு பர்னார்டு என்பார் 1767 முதல் 1774 வரை அதனை அளந்தபோது, ஊர்க்கணக்கர் ஓலைகளே அவ்வளவைக்கு அடிப்படையாயின. அவ்வோலைகளுட் பல இன்று தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்தில் உள்ளன. ஊரின் மொத்த நிலம், அதில் மலையும் ஏரியும் வாய்க்காலும் மனையும் முதலிய நீங்கல், மானியம், எஞ்சிய நன்செய் புன்செய் என அவை செல்லும் முறை, எழுநூற்றைம்பது ஆண்டுகட்கு முந்திய தஞ்சைக் கல்வெட்டின் முறையே. களத்திற் குவிந்த நெல்லினின்றும் முதலில் மேரையும் சுதந்திரமும் நீங்கும்: கணக்கன், தலையாரி, வெட்டியான், தச்சன், கொல்லன், வண்ணான், நாவிதன், கோயில், மடம் என ஒவ்வொருவர்க்கும் கலத்திற்கு இத்துணை நாழி, இத்துணை ஆழாக்கு. எஞ்சியதே மேல்வாரம், குடிவாரம் எனப் பிரியும். இவை ஒவ்வொன்றும் ஒவ்வாப் பகுதியுடைய குறைகள். இவற்றைப் பிழையறக் கூட்டாதவன் ஊரிற் கணக்கனாக வாழ்தல் இயலாது. கூட்டிற் பிறழும் ஓர் ஆழாக்கும் ஒருவர் வீட்டு உலையிற் குறையும்.

காணியாட்சிப் பங்குகளும் இத்தகையனவே. ஓர் ஊர் இத்துணைப் பங்கு என வகுக்கப்பட்டு, அரைப்பங்கு, கால்பங்கு, அரைக்காற் பங்கு எனக் கைமாறிக் கைமாறிச் சென்றது. 1818-இல் எல்லிசு மிராசு உரிமை பற்றிப் பதினேழு வினாக்களுக்கு விடையெழுதினார். அப்பொழுதும் அவருக்கும் அவர்க்குத் துணைநின்ற சங்கரையருக்கும் இப்பங்குகளே முதற் சிக்கலாக நின்றன.

பர்னார்டின் ஆட்கள் இச்சிற்றூர்களில் நீங்கல் நிரல்களைப் படியெடுத்துக்கொண்டிருந்த காலத்தில், அவர் தாயகத்தில் குறை எண் இன்னும் ஐயத்திற்குரியதாகவே இருந்தது என்பது ஒரு வேடிக்கை. 1758-இல் பிரான்சிசு மசேரசு என்னும் ஆங்கிலேயர், இயற்கணிதத்திற் குறைக்குறியின் பயன் பற்றி ஒரு தனிநூல் எழுதிச் சிறிய எண்ணிலிருந்து பெரிய எண்ணைக் கழித்தல் என்பதே பொருளற்றது என வாதித்தார். அக்குறியின்மேற் கட்டிய இயற்கணிதத்தை அவர் ஏற்கவில்லை. கற்றாரை மயக்கிய ஒன்றை ஊர்க்கணக்கன் மயங்காது கையாண்டான் என இதனால் முடிவு கட்டிவிடலாமோ? ஆகாது. இருவரும் கையாண்டது ஒன்றன்று.

வேற்றுமையைத் தெளிவாக உரைத்தல் வேண்டும். 628-இல் பிரமகுப்தர் தம் பிரம்மஸ்புட சித்தாந்தத்தில் பொருள், கடன், சுழி என்னும் மூன்றிற்கும் கூட்டல், கழித்தல், பெருக்கல், வகுத்தல் விதிகளை வகுத்தார். கடனும் கடனும் கூடிற் கடன். பொருளும் கடனும் கூடின் அவற்றின் வேற்றுமை. கடனைக் கடனாற் பெருக்கிற் பொருள். பக்சாலிச் சுவடியில் எண்ணின் பின்னே இன்று நாம் கூட்டற்குறியாக வழங்கும் சிலுவை வடிவம் குறைக்குறியாக நிற்கின்றது. கருநாடு சார்ந்த மகாவீரர் ஒன்பதாம் நூற்றாண்டிற் கணிதசார சங்கிரகத்தில், ஒவ்வாப் பகுதிகளைக் கூட்டுதற்கு மீச்சிறு பொது மடங்கை நிருத்தம் எனப் பெயரிட்டு விதித்தார். நம் வினாவிற்கு வேண்டிய இரு கருவிகளும் இவ்விரு நூல்களிற் பொதுவிதியாக உள்ளன. காரிநாயனாரின் கணக்கதிகாரத்திலோ, எண்சுவடியிலோ இத்தகைய பொதுவிதியை யான் கண்டிலேன். தமிழ்க் கணக்கனின் குறை, மொத்தம் ஒன்றன் நிழலிலேயே நிற்கும். மொத்தத்தை விட்டுத் தனித்து நில்லாது. குறையைக் குறையாற் பெருக்கும் தேவை களத்துமேட்டில் எழுவதில்லை. 1150-இல் பீசகணிதம் செய்த பாஸ்கரரும் ஒரு கணக்கில் குறை விடை வந்தபொழுது உலகம் அதனை ஒப்பாது எனத் தள்ளினார் என்பதனை நினைவிற்கொண்டால், இந்நிலை தமிழர்க்கு மட்டும் உரிய குறைபாடன்று என்பதும் விளங்கும்.

இன்னொன்று. நுண்ணெண் வரிசையில் கீழ்முந்திரிக்கும் கீழே இம்மி, மும்மி, அணு, குணம், பந்தம் எனப் பெயர்கள் செல்கின்றன. இவற்றைப் பலர் கற்பனைப் பெருக்கம் எனத் தள்ளுவர். யானும் நெடுநாள் அங்ஙனமே எண்ணியிருந்தேன். வழங்கும் ஒரு வாய்பாட்டின்படி இம்மி 1/10,75,200. இது கீழ்முந்திரியைப் பத்தரையாற் பகுத்தது. ஏன் பத்தரை? பத்தென வைத்திருக்கலாம், பதினாறென வைத்திருக்கலாம். பத்தரையின் இரட்டி 21, அது மூவேழ். ஆகவே கீழ்முந்திரியில் மூன்றிலொன்று சரியாக மூன்றரை இம்மி. ஏழிலொன்று ஒன்றரை இம்மி. கூட்டின் ஐந்து இம்மி. அடுத்த மும்மியாகிய 1/2,36,54,400 இம்மியில் இருபத்திரண்டில் ஒன்று. ஈண்டுப் பதினொன்று நுழைகின்றது. மேலை வரிசையில் இல்லாத 3, 7, 11 என்னும் பகா எண்கள் ஒன்றன்பின் ஒன்றாகக் கீழே புகுத்தப்படுதல் தற்செயல் ஆகாது. ஒவ்வாப் பகுதிகளை ஒன்றாக்கும் முயற்சியே இது என்பது என் துணிபு. சுவடிகளிற் பாடவேறுபாடு உண்டு. ஆயினும் பத்தரை என்னும் எண்ணைத் திருத்திப் பத்தாக்க விரும்பும் பதிப்பாசிரியர் சற்றுத் தயங்குதல் வேண்டும்.

1957 ஏப்பிரல் முதல் நாளில் நாணயம் பதின்மானத்திற்கு மாறியது. அதற்கு முன் ரூபாய்க்குப் பதினாறு அணாவாதலின் ஓரணா ஒரு வீசம். திண்ணைப் பள்ளிக் கணக்கு கடைத்தெருவில் அதுவரை செல்லுபடியாயிற்று. 1960-ஐ ஒட்டிய ஆண்டுகளில் நிறையும் முகத்தலும் மெட்ரிக்கு முறைக்கு மாறின. மாகாணியும் முந்திரியும் வாயினின்றும் நீங்கின. குறை என்னும் சொல் மட்டும் தமிழ்நாட்டுப் பாடநூல்களில் குறை முழுக்கள் எனத் தொடர்கின்றது; ஈழத்துப் பாடநூலார் மறை எண் என்கின்றனர். தொல்காப்பியர் புணர்ச்சி வகுத்த சொல்லைத் தமிழ்நாட்டார் கொண்டது அறிந்து செய்ததோ, அறியாது நேர்ந்ததோ, பொருத்தமாகவே அமைந்தது.

ஒவ்வாப் பகுதிக் கணக்கு தாம்பரத்தில் இன்றும் ஓரிடத்தில் நிகழ்கின்றது. வகுப்பறையில் அன்று, பத்திர எழுத்தர் மேசையில். 2021-இல் மாநகராட்சியாகிய இந்நகரிலும், சேலையூர், மாடம்பாக்கம், முடிச்சூர்ப் புறங்களிலும் மனை கிரவுண்டு கணக்கில் விலைபேசப்படுகின்றது. ஒரு கிரவுண்டு 2,400 சதுர அடி, அஃதாவது பழைய மனை, காணியில் 24-இல் ஒன்று. பழைய பட்டாவிலும் பழைய பத்திரங்களிலும் சென்ட் வருகின்றது. அஃது ஏக்கரில் நூறில் ஒன்று, 435.6 சதுர அடி. இரண்டு கிரவுண்டு உடைய ஒருவர் பாதைக்கு ஒரு சென்டும், அண்டை வீட்டார் சுவருக்கு அரைக்கால் கிரவுண்டும் விட்டால் நிற்பது எவ்வளவு? எழுத்தர் பகுதிகளை ஒன்றாக்கும் விதியை நினைப்பதில்லை. கிரவுண்டையும் சென்டையும் சதுர அடியாக்கி, 435.6-உம் 300-உம் கூட்டி, 735.6 போக நிற்பது 4,064.4 சதுர அடி என எழுதிவிடுகின்றார். முந்திரியின் இடத்தைச் சதுர அடி கொண்டுள்ளது. நீங்கலைத் தொகுத்து ஒருமுறை கழிக்கும் முறை அப்படியே இருக்கின்றது. ‘போக’ என்னும் சொல்லையும் அவர் மாற்றவில்லை.